செய்தி யார் செவிக்கு?

பொருளைப் பறிகொடுத்தவன் கூவுகிறான், ஊர் கூடுகிறது. நிலத்தைப் பறிகொடுத்தவன் வழக்கு மன்றம் ஏறுகிறான்; நீதி கிடைக்கிறதோ இல்லையோ, முறையிட ஓர் இடம் இருக்கிறது. பறிபோனது இன்னதென்றே அறியாதவன் எங்கே போய் முறையிடுவான்? எவரைக் குற்றம் சாட்டுவான்? இழந்தவனுக்கே இழப்புத் தெரியாமல் நடக்கும் திருட்டு ஒன்று உண்டு. ஆட்சி அலுவலகத்தில் ஓர் இடம் காலியாகிறது. அச்செய்தி சிலர் செவிக்கு மட்டும் எட்டுகிறது. பலர் அறியுமுன் அவ்விடம் நிரம்பிவிடுகிறது. அதுதான் அந்தத் திருட்டு!

"தகுதி உள்ளவன் வந்தான், பெற்றான்; இல்லாதவன் நின்றான்; இதிலென்ன குறை?" என்று கேட்பவர் உண்டு. அவர்களை நாம் திருப்பிக் கேட்போம். பந்தயம் நடக்கும் நாளையும் இடத்தையும் நால்வருக்கு மட்டும் காதோடு சொல்லி, அந்நால்வரில் ஒருவனுக்கு மாலை சூட்டிவிட்டு, "இந்த ஊரிலேயே விரைந்து ஓடுபவன் இவனே" என்று முரசறைந்தால், அதற்குப் பெயர் போட்டியா?

பூட்டுக்குப் பேர்பெற்ற நகரம் திண்டுக்கல். அவ்வூர்க் கம்மியர் கையால் செய்த பூட்டு கதவில் தொங்கினால் கண்ணுக்குத் தெரியும். சாவி எவரிடம் என்று கேட்கலாம். அரசுப் பணியின் கதவில் நெடுங்காலம் தொங்கிய பூட்டோ கண்ணுக்குப் புலப்படாதது. அறிவிக்காமை என்பது அதன் பெயர். நாகல் நகரில் தறிக்குழியில் கால் வைத்து நெய்தவனுக்கும், பேகம்பூரில் தோல் பதனிட்டவனுக்கும், சுற்றியுள்ள சமவெளியில் ஏர் பிடித்தவனுக்கும் எதிராக அந்தப் பூட்டு எவ்வாறு போடப்பட்டது, எவ்வாறு சிறுகச் சிறுகத் திறக்கப்பட்டது, இன்னும் எங்கே சிக்கிக் கிடக்கிறது என்பதை வரலாற்றின் வழியே நோக்குவோம்.

கல்லில் வெட்டிய அறிவிப்பு

பழம்பெருமை பேசுவோர் உத்திரமேரூரைக் காட்டுவர். காட்டட்டும், நாமும் காண்போம். முதலாம் பராந்தக சோழன் காலத்தில், 919-லும் 921-லும், ஊர் வாரியங்களுக்கு உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் முறை அங்கே கல்லில் வெட்டப்பட்டது. குடவோலை முறை என்று பள்ளிப் பிள்ளையும் அறியும். வயது 35-க்கு மேல், 70-க்குள், கால்வேலிக்கு மேல் இறை செலுத்தும் நிலம், சொந்த மனையில் வீடு, வேதப் பயிற்சி. இவை தகுதிகள். கணக்குக் காட்டாதவனும் அவன் உறவினரும் நிற்கக்கூடாது என்பது விலக்கு.

இதில் போற்றத்தக்கது ஒன்று உண்டு. விதி முன்கூட்டியே எழுதப்பட்டது. கல்லில் எழுதப்பட்டதால், ஓலை எடுத்த பிறகு எவரும் அழித்தெழுத முடியாது. நாணத்தக்கதும் ஒன்று உண்டு. அது பார்ப்பனர் சபை. நிலமில்லாதவனுக்கும், வேதம் ஓத விடப்படாதவனுக்கும், பெண்ணுக்கும் அந்தக் குடத்தில் ஓலை இல்லை. எல்லாரும் பார்க்கும் சுவரில் அறிவிப்பு. எல்லாருக்கும் அடைத்த கதவு! அறிவிப்பு இருந்தால் மட்டும் போதாது, அதில் சொல்லப்படும் தகுதியும் நேர்மையாக இருக்க வேண்டும் என்ற பாடத்தை ஆயிரம் ஆண்டுக்கு முன்பே அந்தக் கல் சொல்லிவிட்டது.

கச்சேரித் திண்ணையில்

1792-இல் சீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி திண்டுக்கல் சீமையைத் திப்பு சுல்தானிடமிருந்து கும்பெனியார் பெற்றனர். வரி தண்டக் கலெக்டர் வந்தார். கலெக்டருக்குக் கச்சேரி வந்தது. கச்சேரிக்குச் சிரஸ்தாரும் குமாஸ்தாக்களும் வந்தனர். கலெக்டர் வெள்ளையர், இன்றிருப்பார், நாளை வேறு மாவட்டம் போவார். சிரஸ்தாரோ அசையாத தூண். எந்த இடம் காலியாகும், எப்போது காலியாகும் என்பதை முதலில் அறிபவர் அவரே. அவர் வீட்டுப் பிள்ளைகளும் உறவினரும் கச்சேரியில் சம்பளமின்றி எழுதிப் பழகிக் காத்திருப்பர். இடம் காலியானதும், "பழகிய கை ஒன்று இருக்கிறது, துரையே" என்று சொல்லப் பொழுதா வேண்டும்? விளம்பரம் இல்லை, விண்ணப்பம் இல்லை, வேற்றார் எவருக்கும் செய்தியும் இல்லை.

இது நாம் பின்னாளில் புனைந்த குற்றச்சாட்டன்று. சென்னை வருவாய் வாரியத்தின் 128-ஆம் நிலை ஆணையே சான்று. மாவட்டத்துக் கீழ்நிலைப் பதவிகளைச் செல்வாக்குள்ள ஒரு சில குடும்பங்கள் தமக்கே உரிமையாக்கிக் கொள்ளாதவாறு கலெக்டர்கள் விழிப்பாயிருக்க வேண்டும். முதன்மைப் பதவிகளைப் பல சாதியாருக்கும் பகிர்ந்தளிக்க முயல வேண்டும் என்று அது 1854-இலேயே பணித்தது. நோய் இருந்ததால்தானே மருந்தெழுதினர்! எழுதிய மருந்து ஏட்டிலேயே தங்கிற்று. ஏன்? பகிர்ந்து கொடு என்றது ஆணை. பலருக்கும் அறிவி என்று சொல்லவில்லை. அறியாதவன் விண்ணப்பிப்பதில்லை, விண்ணப்பிக்காதவனுக்குக் கொடுப்பதுமில்லை. "தகுதியானோர் கிடைக்கவில்லை" என்று எழுதி முடித்துவிட்டால் கோப்பு மூடப்படும்.

அதே 1854-இல் இங்கிலாந்தில் நார்த்கோட்–டிரெவெலியன் அறிக்கை வெளியாயிற்று. செல்வாக்கினால் பதவி தரும் வழக்கத்தைக் கைவிட்டுத் தேர்வு வைத்து ஆளெடுக்க வேண்டும் என்றது அது. அடுத்த ஆண்டே இந்திய ஆட்சிப் பணிக்கு லண்டனில் போட்டித் தேர்வு தொடங்கிற்று. எவரும் எழுதலாம் என்ற அறிவிப்புத்தான். ஆனால் எழுதும் இடம் கடல் கடந்து! இந்தியாவிலும் அத்தேர்வு நடக்க 1922 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. எட்டாத் தொலைவில் வைத்த தேர்வுக்குப் பொதுப் போட்டி என்று பெயர் சூட்டியதும் அந்தக் காலத்து வித்தையே.

பிறப்பே நியமன ஆணை

நகரத்துக் கச்சேரி இப்படி. சிற்றூரின் நிலை என்ன? மணியம், கர்ணம், தலையாரி, வெட்டியான் என்று ஊர்தோறும் அரசின் பணியாளர் இருந்தனர். நிலத்தின் எல்லை கர்ணத்தின் எழுத்தில் இருந்தது. உழவனின் தலையெழுத்தும் பெரும்பாலும் அதில்தான் இருந்தது. அந்தப் பதவிகள் காலியானபோது எவருக்கும் அறிவிப்பு இல்லை, தேவையும் இல்லை. தந்தை இறந்தால் மகன். 1895-ஆம் ஆண்டுச் சென்னை பரம்பரைக் கிராமப் பதவிகள் சட்டம் அதை முறைப்படுத்தியும் வைத்தது. தொட்டிலிலேயே நியமன ஆணை. பிறகு எதற்கு விளம்பரம்?

அந்நாளில் சிற்றூருக்குச் செய்தி சொன்னது எது? தண்டோரா. வரி கட்டக் கெடு வந்தாலும், ஏலம் வந்தாலும், அதிகாரி வந்தாலும் பறையடித்துத் தெருத்தெருவாய்ச் சொன்னவன் ஒடுக்கப்பட்ட மகன். ஊருக்கெல்லாம் செய்தி சொன்னவன் அவன். அவன் செவிக்கு மட்டும் ஒரு செய்தி எட்டவேயில்லை. "கர்ணம் வேலை காலி, கற்றவர் எவரும் வரலாம்" என்று எந்த நாளிலாவது அந்தப் பறை முழங்கியதுண்டா? பிறர் அறியப் பறையடிக்கும் தொழில் அவனுக்கு. அறியத்தக்க பதவி பிறருக்கு! செய்தி சொல்லத் தண்டோரா போடும் வழக்கம் இனி வேண்டாம் என்று தமிழ்நாட்டு அரசு தெளிவுபடுத்த 2022 ஆகத்து வரை காலம் பிடித்தது.

பரம்பரைப் பூட்டை உடைத்த அடிகள் இரண்டு. குண்டூர் மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றின் முன்சீப் பதவி குறித்த வழக்கில், பழைய சென்னைச் சட்டத்தின் 6(1)-ஆம் பிரிவு செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 1960 டிசம்பர் 6-இல் தீர்ப்பளித்தது. கிராமப் பதவியும் அரசுப் பதவியே. பிறப்பு வழி பார்த்து அதைத் தருவது அரசியல் சட்டத்தின் 16-ஆம் கூறுக்கு மாறானது என்றது அத்தீர்ப்பு. அடுத்த அடி தமிழ்நாட்டில் விழுந்தது. எம். ஜி. இராமச்சந்திரன் முதலமைச்சராயிருந்த காலத்தில், 1980 நவம்பரில், பகுதிநேரக் கிராம அலுவலர் பதவிகள் அவசரச் சட்டத்தால் ஒழிக்கப்பட்டன. 1982-இல் உச்ச நீதிமன்றமும் அதனைச் செல்லும் என்றது. கர்ணம் போனார், கிராம நிர்வாக அலுவலர் வந்தார். அப்பதவிக்கு அறிவிக்கை உண்டு, தேர்வு உண்டு, மதிப்பெண் உண்டு. திண்டுக்கல் சமவெளியில் எந்தத் தெருவில் பிறந்த பெண்ணும் அத்தேர்வை எழுதி, தன் பாட்டன் கைகட்டி நின்ற மேசைக்குப் பின்னால் இன்று அமரலாம். இதற்கு ஈடான புரட்சியை எந்தப் புராணமாவது பேசியதுண்டா?

எண்கள் பேசின

இதற்கிடையே கோட்டையில் நடந்ததைக் காண்போம். 1916 நவம்பர் 20-இல் தென்னிந்திய நல உரிமைச் சங்கம் தோன்றிற்று. பின்னர் நீதிக்கட்சி எனப் பெயர் பெற்றது. அதே ஆண்டு டிசம்பரில் வெளிவந்த பார்ப்பனரல்லாதார் அறிக்கை, அலெக்சாண்டர் கார்டியூ என்ற ஆங்கில அதிகாரி அரசுப் பணி ஆணையத்தின் முன் சொன்ன கணக்கை எடுத்துக் காட்டிற்று. மாகாண ஆட்சிப் பணிப் போட்டித் தேர்வில் 1892 முதல் 1904 வரை வென்றோர் 16. அவருள் பார்ப்பனர் 15. டிப்டி கலெக்டர்கள் 140, அவருள் 77. மாவட்ட முன்சீப்கள் 128, அவருள் 93. மக்கள் தொகையில் நூற்றுக்கு மூவர் அளவே இருந்தோர் கையில் இத்தனை!

இந்தக் கணக்கிலிருந்து தோன்றிய கோரிக்கை, பங்கு. 1921 செப்டம்பர் 16-இல் முதல் வகுப்புவாரி ஆணை பிறந்தது. எஸ். முத்தையா முதலியார் அமைச்சராயிருந்து நடைமுறைக்குக் கொணர்ந்த ஆணை 1928-இல் உருப்பெற்றது. 12 இடம் நிரப்பினால், பார்ப்பனரல்லாத இந்துக்களுக்கு 5, பார்ப்பனருக்கு 2, முசுலிம்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர்–கிறித்தவருக்கு 2, தாழ்த்தப்பட்டோருக்கு 1 என்று அது வகுத்தது. தாழ்த்தப்பட்டோருக்கு ஒன்றே ஒன்றுதானா என்று கேட்க வேண்டியவர் கேட்டனர். பின்னாளில் அது திருத்தவும் பட்டது.

பங்கைப் பாடுவோர் பலர். அதனோடு பிறந்த இன்னொன்றை மறப்போரும் பலர். பங்கு சொன்னால் போதாது. பங்குக்கு உரியவன் செவியில் செய்தி விழ வேண்டும். சிரஸ்தாரின் வாயை நம்பியிருக்கும் வரை அது விழாது. ஆகவே 1924-இல் பணியாளர் தேர்வு வாரியம் ஏற்பட்டது. 1929-இல் சட்டம் இயற்றிச் சென்னைப் பணியாளர் தேர்வாணையம் ஏற்பட்டது. தலைவர் உட்பட உறுப்பினர் மூவர். இந்தியாவின் மாகாணங்களில் இத்தகைய ஆணையம் கண்டது சென்னையே முதலில். இன்றைய தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் அதன் வழித்தோன்றல். ஒரே இடத்தில் விண்ணப்பம், ஒரே நாளில் தேர்வு, எல்லார்க்கும் ஒரே அறிவிப்பு. கச்சேரித் திண்ணைக் கிசுகிசு அரசிதழில் ஏறிற்று!

ஏறியது எந்த மொழியில்? ஆங்கிலத்தில். கிடைத்தது எங்கே? மாவட்டத் தலைநகரில். 1985 செப்டம்பர் 15-இல் தனி மாவட்டமாகும் வரை திண்டுக்கல் மதுரை மாவட்டத்தில் அடங்கியது. மாவட்ட அலுவலகமோ ஏறத்தாழ 60 கிலோமீட்டருக்கு அப்பால். நாகல் நகர்த் தறிகாரன் மதுரைக்குப் போய்வரப் பேருந்துக் கட்டணமும் வேண்டும். ஒரு நாள் கூலியும் இழக்க வேண்டும். அறிவிப்பு பிறந்தது, அவன் வாயிலுக்கு வந்து சேரவில்லை.

83 இடங்கள்

அறிவிப்பின் ஆற்றலை அறிய 1949 டிசம்பர் 16-க்குச் செல்வோம். சென்னைத் தேர்வாணையம் 83 மாவட்ட முன்சீப் பதவிகளுக்கு விண்ணப்பம் கோரிற்று. ஒளிவு மறைவின்றி எழுதிற்று: ஆதிதிராவிடர் 19, முசுலிம்கள் 5, கிறித்தவர் 6, பின்தங்கிய இந்துக்கள் 10, பார்ப்பனரல்லாத இந்துக்கள் 32, பார்ப்பனர் 11. கூட்டிப் பாருங்கள், கணக்கு நேராகும்.

வெங்கடரமணா என்பார் வழக்குத் தொடுத்தார். 1951 ஏப்ரல் 9-இல் உச்ச நீதிமன்றம், ஆதிதிராவிடருக்கும் பின்தங்கியோருக்கும் ஒதுக்கியதற்கு மேல் செய்த பகுப்பு செல்லாது என்றது. கல்லூரி இடங்கள் பற்றிய செண்பகம் துரைராசன் வழக்கிலும் அன்றே தீர்ப்பு வந்தது. தமிழகம் கொதித்தது; கூட்டமும் ஊர்வலமும் பெருகின. 1951 சூனில் அரசியல் சட்டத்தின் முதல் திருத்தம் பிறந்தது. 15(4) என்ற பிரிவு சேர்ந்தது.

"அறிவிப்பில் வெளிப்படையாக எழுதியதால்தானே வழக்கு வந்தது? எழுதாமல் இருந்திருக்கலாமே" என்று எண்ணத் தோன்றும். அவ்வாறு எண்ணுதல் தவறு. வெளிப்படையாய் எழுதியதால் எதிர்த்தோர் எதிர்த்தனர், வெளிப்படையாய்த் தோற்றதால் மக்கள் வெளிப்படையாய்க் கிளர்ந்தனர், சட்டமே திருத்தப்பட்டது. சிரஸ்தாரின் அறையில் நடந்த எந்த நியமனத்தை எதிர்த்தாவது இப்படி வழக்கு வந்ததுண்டா? ஒளியில் நடக்கும் போரில் இன்று தோற்றாலும் நாளை வெல்லலாம். இருளில் நடப்பதோ போரே அன்று, கொள்ளை!

அண்மைச் சான்றும் உண்டு. 2024 ஆகத்து 17-இல் ஒன்றிய அரசுப் பணியாளர் தேர்வாணையம் இணைச் செயலாளர் முதலிய 45 உயர் பதவிகளுக்கு வெளியாரை நேரடியாக எடுக்க விளம்பரம் செய்தது. அதில் இடஒதுக்கீடு என்ற சொல்லே இல்லை. நாடெங்கும் எதிர்ப்பு எழுந்தது. 20-ஆம் நாள் ஒன்றிய அரசே அதைத் திரும்பப் பெறச் சொல்லிற்று. மூன்றே நாள்! விளம்பரம் இன்றி, ஒவ்வொருவராய் உள்ளே அழைத்திருந்தால், எண்ணிப் பார்க்கவும் எவருக்கேனும் இயன்றிருக்குமா?

பதினைந்து நாள்

விடுதலைக்குப் பின் வந்த பெரிய படி, 1959-ஆம் ஆண்டு வேலைவாய்ப்பு அலுவலகங்கள் (காலியிடங்களைக் கட்டாயமாக அறிவித்தல்) சட்டம். 1960 மே முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. அரசு நிறுவனம் ஓரிடத்தை நிரப்புமுன் வேலைவாய்ப்பு அலுவலகத்துக்குச் சொல்லியாக வேண்டும். நேர்முகத் தேர்வுக்குக் குறைந்தது 15 நாள் முன் சொல்ல வேண்டும் என்றன விதிகள். மீறினால்? முதற் குற்றத்துக்கு 500 ரூபாய் வரை தண்டம். மீண்டும் செய்தால் 1000 வரை. ஒரு குடும்பத்தின் வாழ்வைத் திசைமாற்றும் செய்தியை மறைத்தவனுக்கு விலை 500! ஆயினும் கட்டாயமாக அறிவி என்ற சொல் சட்டத்தில் ஏறியதே ஒரு வெற்றி. 2020-இல் இயற்றிய சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பில் அதன் உட்பொருளும் இடம்பெற்றது.

பதிவு அட்டையோடு வரிசையில் நின்ற தலைமுறையை நாம் அறிவோம். பதிந்தவன் பெயரை அலுவலகம் அனுப்பினால் வாழ்வு; அனுப்பாவிடில் காத்திருப்பு. பதியாதவனுக்கு அதுவும் இல்லை. இந்தக் குறையைக் கண்ட உச்ச நீதிமன்றம் 1996-இல், ஆந்திரத்தின் விசுவேசுவர ராவ் வழக்கில் வழி சொன்னது. வேலைவாய்ப்பு அலுவலகத்துக்குச் சொல். அத்துடன் பரவலாக விற்கும் நாளிதழில் விளம்பரம் செய். அலுவலகப் பலகையில் ஒட்டு. வானொலியில், தொலைக்காட்சியில் அறிவி. விண்ணப்பித்த அனைவரையும் கருது என்றது. 2006 ஏப்ரல் 10-இல் உமாதேவி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்ந்த ஆயம் மேலும் ஒரு படி சென்றது. முறையான விளம்பரமும் போட்டியும் இன்றிப் பின்வாயிலாய் வந்த நியமனம் நிலையுரிமை ஆகாது என்றது. இருபது ஆண்டு உழைத்த எளிய தற்காலிகப் பணியாளர் பலரை அத்தீர்ப்பு கலங்கவும் வைத்தது. குற்றம் அவர்களுடையதா? விளம்பரம் செய்யாமல் அவர்களை மலிவாய் அமர்த்தி வேலை வாங்கிய அலுவலகத்தினுடையதா? அறிவிப்பைத் தவிர்த்தவன் ஒருவன். அதன் தண்டனையைச் சுமந்தவன் வேறொருவன்.

நடுவழியில் மாறும் விதி

ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர் பணி, இடங்கள் 13. எழுதியோர் 21. எழுதி முடித்த பிறகு, 75 விழுக்காடு பெற்றவரே தகுதியுடையார் என்று ஒரு புது விதி! மிஞ்சியோர் 3. வழக்கு ஆண்டுக்கணக்கில் நடந்து, 2024 நவம்பர் 7-இல் ஐந்து நீதிபதிகள் ஆயம் கோட்பாட்டை உறுதி செய்தது. தொடக்கத்தில் அறிவித்த தகுதியை, நடைமுறை விதியோ விளம்பரமோ இடம் கொடுத்தாலன்றி, நடுவழியில் மாற்றலாகாது. மதிப்பெண் எல்லை வகுப்பதானாலும் அந்தக் கட்டத்தை எட்டுமுன் வகுக்க வேண்டும். விண்ணப்பித்தவனைத் திகைக்க வைக்கக் கூடாது என்றது. 921-இல் கல்லில் வெட்டியவன் அறிந்திருந்த உண்மையை அச்சுப் பொறி வந்த காலத்தில் நிலைநாட்ட இத்தனை போராட்டம்!

மொழியும் அறிவிப்பின் பகுதியே. 2023-இல் மத்திய ரிசர்வ் காவல் படைக்கு 9,212 இடங்கள். தமிழ்நாட்டில் நிரப்ப வேண்டியவை 579. தேர்வோ ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டும்; அதிலும் 100-க்கு 25 மதிப்பெண் அடிப்படை இந்திக்கு. முதலமைச்சர் மு. க. ஸ்டாலின் ஏப்ரலில் எதிர்ப்புக் கடிதம் எழுதினார். சில நாட்களில், காவலர் தேர்வைத் தமிழ் உள்ளிட்ட 13 வட்டார மொழிகளிலும் நடத்த உள்துறை இசைந்தது. எழுத முடியாத மொழியில் வரும் அழைப்பு, செவிடன் வாயிலில் ஊதிய சங்கு.

கேட்டுப் பெறுவோம்

இன்று அறிவிக்கைக்குப் பஞ்சமில்லை, கைப்பேசியிலேயே வருகிறது. 2022-இல் நான்காம் தொகுதிப் பணிக்கு அறிவித்த இடங்கள் 7,301. விண்ணப்பித்தோர் ஏறத்தாழ 22 லட்சம். சிரஸ்தார் காலத்தில் நால்வர் அறிந்ததை இன்று லட்சக்கணக்கானோர் அறிகின்றனர். கூட்டம் பெரிது, கிடைப்பவர் சிலர். எனினும் தோற்றவன் தன் மதிப்பெண்ணை அறிவான், வென்றவனின் வரிசை எண்ணை அறிவான், கேள்வி கேட்கும் உரிமையும் உடையவன். ஆனால் பழைய பூட்டு புதிய வடிவில் வருகிறது. நிலையான இடத்தை ஒழித்துவிட்டு, வெளிமுகமை வழியே ஆளெடுக்கும் முறை வளர்கிறது. அங்கே எத்தனை இடம்? எவர் அறிவித்தார்? இனச்சுழற்சி எங்கே? கச்சேரித் திண்ணை கம்பெனி அறைக்குக் குடிபெயர்ந்திருக்கிறது, அவ்வளவே மாற்றம்.

எனவே நேர்மையான அறிவிப்பு என்றால் என்ன என்பதை ஒவ்வோர் இளைஞனும் மனத்தில் எழுதிக்கொள்ள வேண்டும். எத்தனை இடம், எவ்வினத்துக்கு எத்தனை என்ற எண், தகுதியும் பாடத்திட்டமும் தேர்ந்தெடுக்கும் முறையும், ஏழையும் ஏற்பாடு செய்துகொள்ளப் போதிய நாள், தாய்மொழி, தொடங்கிய பின் மாறாத விதி, முடிந்த பின் மறையாத மதிப்பெண். இவற்றில் ஒன்று குறைந்தாலும் அது அரை அறிவிப்பு. அரை அறிவிப்பு முழு வஞ்சகம்.

படிப்பகம் நடத்தும் தோழர்களே! உங்கள் வாயிற்பலகையில் தலைவர் படமும் கூட்டச் செய்தியும் இருக்கட்டும். அவற்றருகே வாரந்தோறும் வேலை அறிவிக்கைகளையும் ஒட்டுங்கள். கடைசி நாளைச் சிவப்பு மையால் எழுதுங்கள். தறி வீட்டுப் பெண்ணுக்குப் படித்துக் காட்டுங்கள். தோட்டி மகனுக்கு விண்ணப்பம் நிரப்பிக் கொடுங்கள். உங்கள் ஊர் அலுவலகத்தில் விளம்பரமின்றி ஒரு புதுமுகம் அமர்ந்தால், "இவ்விடம் எப்போது அறிவிக்கப்பட்டது?" என்று தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி எழுதிக் கேளுங்கள். அந்தக் கேள்விக்கு விடை சொல்லியே தீர வேண்டும் என்ற நிலையை உண்டாக்க நம் முன்னோர் நூறாண்டு போராடினர். கேட்காமல் விட்டால், அது மீண்டும் சிலரின் காதோடு காதாய் முடிந்துவிடும்.